வீடு ஒரு கணக்கு, பிள்ளைகள் வேறு கணக்கு: ஒரு கோவை விவாகரத்து வழக்கு

இது மனைவி தரப்பில் நாங்கள் நடத்திய வழக்கு. சம்பந்தப்பட்டவர்களை அடையாளம் காட்டக்கூடிய விவரங்களை மாற்றியிருக்கிறேன். சட்ட நிலையும் முடிவுகளுக்கான காரணங்களும் நடந்தபடியே உள்ளன. இந்த வழக்கில் சட்டப் புதுமை எதுவும் இல்லை. சொந்தத் தொழில் செய்யும் கணவர், அவர் பெயரில் மட்டும் பத்திரம் உள்ள வீடு, மனைவியின் நகையும் மாமனார் பணமும் போன இடம், இரண்டு பிள்ளைகள் என்று கொங்குப் பகுதி குடும்ப நீதிமன்றங்களுக்குத் தினமும் வரும் கதைதான். எல்லாவற்றையும் ஒரே தொகையில் அடக்கிப் பேரம் பேச மறுத்ததால் என்ன ஆனது என்பதற்காகவே பதிவு செய்கிறேன்.

பின்னணி

திருமணம் 2009-ல், பொள்ளாச்சிப் பக்கம். பெண் பி.காம். படித்து, ஒரு நூற்பாலையில் கணக்குப் பிரிவில் இருந்தவர். கணவருக்குக் கோவையில் லேத் பட்டறை. பம்ப் உதிரிபாகங்களை ஜாப் ஒர்க்காக, அதாவது கம்பெனிகளுக்குக் கூலி வேலையாக, கடைந்து கொடுப்பார். கல்யாணத்துக்குப் பிறகு அந்தப் பெண் ஆலை வேலையை விட்டுவிட்டார். ஆனால் பட்டறையின் பில், டேலி (கணக்கு மென்பொருள்), வங்கி, ஜிஎஸ்டி எல்லாமே அவர் கையில்தான். சம்பளம் என்று எதுவும் கிடையாது. மகள் 2010-லும் மகன் 2014-லும் பிறந்தார்கள்.

2013-ல் கணவர் பெயரில் ஒரு வீட்டுமனை வாங்கினார்கள். கல்யாணத்தில் போட்ட 40 பவுனில் 22 பவுனை அதற்காக விற்றார்கள். பெண்ணின் அப்பா 6 லட்சம் ரூபாயைக் காசோலையாக மருமகனிடம் கொடுத்தார். அடுத்த வருடம் வீடு கட்ட 18 லட்சம் கடன், 15 வருடத் தவணை. கடனில் மனைவி இணைக் கடனாளி. பத்திரத்தில் அவர் பெயர் இல்லை. இதை அன்று யாரும் கவனித்ததாகத் தெரியவில்லை. கடனைக் கட்டும் பொறுப்பு உண்டு, வீட்டில் பூஜ்யம் என்ற இந்த ஏற்பாட்டை அதன் பிறகும் பல வீடுகளில் பார்த்துவிட்டேன். மீதி நகையில் 12 பவுன், சிஎன்சி (கணினியில் இயங்கும் கடைசல்) இயந்திரத்துக்கு முன்பணம் கட்டுவதற்காக அடகுக்குப் போனது. 6 பவுன் கழுத்திலும் காதிலும் இருந்தது.

2018-லிருந்து பணத்தை வைத்துத் தகராறு. இரண்டு முறை அடி விழுந்திருக்கிறது. ஒரு முறை அரசு மருத்துவமனையில் வெளிநோயாளிச் சீட்டு போட்டிருக்கிறார்கள். 2021 தொடக்கத்தில் பிள்ளைகளோடு அப்பா வீட்டுக்கு அனுப்பப்பட்டார். பள்ளிக்காகச் சில மாதங்களில் கோவைக்கே திரும்பி வாடகை வீடு எடுத்தார். ஒரு ஆடிட்டர் அலுவலகத்தில் மாதம் 14,000 சம்பளத்தில் சேர்ந்தார். அதே வருடம் ஜூலையில், இந்து திருமணச் சட்டம் 13(1)(ia) பிரிவில், அதாவது கொடுமை என்ற காரணத்தில், கணவர் போட்ட விவாகரத்து மனுவின் சம்மன் வந்தது.

எங்களிடம் வந்தபோது இருந்த நிலை

சம்மனுக்கு முன்பே இரு தரப்புப் பெரியவர்களும் உட்கார்ந்து பேசியிருந்தார்கள். 10 லட்சம் மொத்தமாகத் தருவது, சம்மத விவாகரத்துக்குக் கையெழுத்துப் போடுவது, இனிமேல் தனக்கோ பிள்ளைகளுக்கோ எதுவும் கேட்க மாட்டேன் என்று எழுதிக் கொடுப்பது. இதுதான் அவர்கள் சொன்ன முடிவு. பெண்ணின் அப்பாவுக்கு அதில் பாதி மனது இருந்தது. “பத்து லட்சம் கைக்கு வருதுங்க. கோர்ட்டுக்கு நடந்தா அதுவும் வருமோ வராதோ. பேரப்புள்ளைங்கள நாம பாத்துக்கலாமுங்க” என்றார்.

அவர் சொன்னதை அசட்டுத்தனம் என்று தள்ள முடியாது. ஆனால் கணக்குப் போட்டுப் பார்த்தால், அந்த 10 லட்சத்தில் 6 லட்சம் அவரே கொடுத்தது. 22 பவுனை 2013 விலையில் போட்டாலும் கிட்டத்தட்ட 5 லட்சம் ஆகிறது. ஆக, பெண்ணின் சொந்தப் பணத்தையே முழுசாகத் திருப்பித் தராமல், அதற்கு ஈடாகப் பிள்ளைகளின் உரிமையையும் எழுதி வாங்கப் பார்த்தார்கள்.

அந்த முதல் சந்திப்பில் மூன்று கணக்குகளைப் பிரித்து எழுதினோம். ஒன்று, பெண்ணுடைய சொந்தச் சொத்து: நகை, அப்பா கொடுத்த பணம். இரண்டு, மனைவி என்ற முறையில் அவருக்குரிய ஜீவனாம்சம். மூன்று, பிள்ளைகளுக்குரியது. முதல் இரண்டில் அவர் விட்டுக்கொடுக்கலாம், அது அவர் இஷ்டம். மூன்றாவது அவருடையது அல்ல. ஜீவனாம்சம் பெறும் உரிமை பிள்ளையுடையது. அம்மா அதை விற்றுவிட முடியாது. அப்படி எழுதிக் கொடுத்தாலும் பின்னாளில் பிள்ளைகள் கேட்பதை அந்தக் காகிதம் தடுக்காது. பெரியவர் இதைக் கேட்டுக் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, “அப்ப அவங்க எதுக்குங்க அதை எழுதச் சொல்றாங்க?” என்றார். பெரும்பாலானவர்கள் அப்படி எழுதிக் கொடுத்துவிட்டு மறுபடி நீதிமன்றத்துக்கு வருவதில்லை என்பதுதான் காரணம்.

வீட்டில் பாதி கேட்கலாமா?

அந்தப் பெண் கேட்ட முதல் கேள்வி இதுதான். வெளிநாடுகளில் இருப்பதுபோல, திருமணத்துக்குப் பின் சேர்த்த சொத்தை விவாகரத்தில் ஆளுக்குப் பாதியாகப் பிரிக்கும் சட்டம் கோவா தவிர இந்தியாவில் இல்லை. பத்திரம் யார் பெயரில் இருக்கிறதோ வீடு அவருடையது. இந்து திருமணச் சட்டத்தின் 27-வது பிரிவு திருமணத்தின்போதோ அதையொட்டியோ இருவருக்கும் பொதுவாகத் தரப்பட்ட பொருட்களைப் பற்றியது. நான்கு வருடம் கழித்து வாங்கிய மனை அதில் வராது. கணவன் மனைவிக்குள் உள்ள சொத்து வழக்கைக் குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 7-வது பிரிவின் கீழ் அங்கேயே தொடுக்கலாம். ஆனால் “என் பணத்தில் வாங்கியது, பெயர் மட்டும் அவருடையது” என்று வாதிட்டால் ஒருவர் பணத்தில் இன்னொருவர் பெயரில் சொத்து வாங்குவதைத் தடுக்கும் பினாமிச் சட்டத்தின் தடையைத் தாண்ட வேண்டும். பணத்தில் ஒரு பகுதிதான் அவர் தரப்பிலிருந்து போயிருக்கிறது. மீதி வங்கிக் கடன்.

நகை விஷயம் வேறு. சீதனம், அதாவது பெண்ணுக்குத் தந்த நகையும் பொருளும், பெண்ணின் முழு உரிமை, கணவர் கையில் இருந்தால் அவர் அதை நம்பிக்கையின் பேரில் வைத்திருப்பவர் மட்டுமே என்று 1985-ல் பிரதிபா ராணி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. எனவே வீட்டில் பங்கு கேட்டு வழக்குப் போடுவதில்லை, வீட்டுக்குள் போன பணத்தைக் கேட்பது என்று முடிவு செய்தோம். அதுவரை வீடு கைமாறாமல் பார்த்துக்கொள்ள வேண்டும், ஏனென்றால் “அம்மா பேருக்கு எழுதி வெச்சிருவேன்” என்று கணவர் போனில் சொல்லியிருந்தார்.

எடுத்த முடிவுகள்

சேர்ந்து வாழ வரச்சொல்லி இந்து திருமணச் சட்டத்தின் 9-வது பிரிவில் எதிர்மனு போடுவது வழக்கமான உத்தி. நாங்கள் போடவில்லை. அந்தப் பெண்ணுக்குத் திரும்பிப் போகும் எண்ணம் இல்லை. அடித்தார் என்று ஒரு நீதிமன்றத்திலும் சேர்ந்து வாழத் தயார் என்று இன்னொன்றிலும் சொன்னால் குறுக்கு விசாரணையில் இரண்டுமே நிற்காது.

2021 செப்டம்பரில் இரண்டு மனுக்கள் தாக்கல் செய்தோம். ஒன்று, குற்றவியல் நடைமுறைச் சட்டம் 125-ன் கீழ் மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் ஜீவனாம்சம் கேட்டுக் குடும்ப நீதிமன்றத்தில். (2024 ஜூலை 1 முதல் அந்த இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-வது பிரிவு இருக்கிறது, உள்ளடக்கம் ஏறக்குறைய அதேதான்.) மற்றொன்று, 2005-ம் ஆண்டின் குடும்ப வன்முறைச் சட்டத்தின்படி மாஜிஸ்திரேட் முன்பு. இரண்டாவதைப் போட்டதன் நோக்கம் பணம் அல்ல. அந்தச் சட்டத்தின் 19-வது பிரிவில், சேர்ந்து வாழ்ந்த வீட்டை விற்கவோ எழுதி வைக்கவோ அடமானம் வைக்கவோ கூடாது என்று தடை வாங்க முடியும். சில வாரங்களில் அந்த இடைக்காலத் தடை கிடைத்தது. அதன் நகலை வீட்டுக்கடன் கொடுத்த வங்கிக்கும் சார்பதிவாளர் அலுவலகத்துக்கும் பதிவுத் தபாலில் அனுப்பினோம். உத்தரவு நம் வழக்குக் கட்டுக்குள் பத்திரமாக இருந்து பிரயோஜனமில்லை, பத்திரம் பதிகிறவருக்குத் தெரிய வேண்டும்.

மகளிர் காவல் நிலையத்தில் 498ஏ (மனைவியைக் கொடுமைப்படுத்தும் குற்றம்) புகார் கொடுக்க வேண்டும் என்று பெண்ணின் அண்ணன் பிடிவாதமாக இருந்தார். இதில் கடைசி வார்த்தை அந்தப் பெண்ணுடையதாக இருக்க வேண்டும் என்று நினைத்தோம். இரு பக்கத்தையும் அவரிடம் சொன்னோம். அடி விழுந்தது உண்மை, புகார் கொடுக்க உரிமை உண்டு. அதே சமயம் 2014-ல் உச்ச நீதிமன்றத்தின் அர்னேஷ் குமார் தீர்ப்புக்குப் பிறகு கைது தானாக நடப்பதில்லை. வழக்கு வருடக்கணக்கில் போகும். அந்த வழக்கால் ஜீவனாம்சம் ஒரு ரூபாய்கூடக் கூடாது. அவர் வேண்டாம் என்றார். இன்னொருவருடைய வழக்கில் அடியின் தன்மை வேறாக இருந்தால் முடிவும் வேறாக இருக்கும், இதைப் பொது விதியாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம்.

வருமானத்தை எப்படிக் காட்டினோம்

வழக்கின் கனம் முழுக்க இங்கேதான் இருந்தது. மாதச் சம்பளக்காரர் என்றால் சம்பளச் சீட்டு போதும். பட்டறைக்காரருக்கு அப்படி ஒரு காகிதம் இல்லை.

2020 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தில் வந்த ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்புக்குப் பிறகு, ஜீவனாம்ச வழக்கில் இரு தரப்பும் சொத்து, வருமானம், கடன் விவரங்களை ஒரு குறிப்பிட்ட படிவத்தில் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். கணவர் தன் பத்திரத்தில் ஆண்டு வருமானம் 4.96 லட்சம் என்று சொல்லி வருமான வரிக் கணக்கை இணைத்திருந்தார். மாதம் சுமார் 41,000. கொரோனாவில் பட்டறை படுத்துவிட்டது, மனைவி சம்பாதிக்கிறார், ஆகவே மாதம் 5,000-க்கு மேல் முடியாது என்பது அவர் வாதம்.

அந்த எண் எப்படி வந்தது என்று அந்தப் பெண்ணுக்குத் தெரியும், ஏனென்றால் ஆடிட்டரிடம் தாள்களைக் கொண்டுபோய்க் கொடுத்ததே அவர்தான். சிறு தொழில்களுக்கு 1961-ம் ஆண்டு வருமான வரிச் சட்டத்தில் 44ஏடி என்று ஒரு வசதி இருந்தது. கணக்குப் புத்தகம் காட்டத் தேவையில்லை. மொத்த வரவில் 8 சதவீதத்தை லாபம் என்று எடுத்துக்கொள்ளலாம் (வங்கி வழி வரவுக்கு 6 சதவீதம் போதும்). 2019-20-ல் பட்டறையின் வரவு 62 லட்சம். அதன் 8 சதவீதம்தான் அந்த 4.96 லட்சம். அது வரிக்காகச் சட்டம் அனுமதிக்கும் ஒரு அனுமானம். மனிதர் உண்மையில் என்ன சம்பாதித்தார் என்பதற்கும் அதற்கும் தொடர்பு இருக்க வேண்டிய அவசியமில்லை. அவர் பொய்க் கணக்குக் காட்டினார் என்று நாங்கள் சொல்லவே இல்லை. வரிக்கான அனுமானத்தை ஜீவனாம்சத்துக்கு அளவுகோலாக வைக்காதீர்கள் என்று மட்டும் வாதிட்டோம்.

அப்புறம் செலவுப் பக்கம். வீட்டுக் கடன் தவணை 18,200, இயந்திரக் கடன் தவணை 38,000. மாதம் 41,000 சம்பாதிக்கிறவர் 56,000-க்கு மேல் தவணை மட்டும் கட்டி வந்திருக்கிறார். எந்தத் தவணையும் பெரிதாக நிலுவையில் இல்லை. இயந்திரக் கடனுக்காக வங்கியில் அவர் கொடுத்த விண்ணப்பத்தை வரவழைக்க மனு போட்டோம். அதில் எழுதியிருந்த வருமானம் நீதிமன்றத்தில் சொன்னதைப்போல் இரண்டு மடங்குக்கும் மேல். ஜிஎஸ்டி பதிவுக்குக் கொடுத்திருந்த மின்னஞ்சல் மனைவியுடையது என்பதால் 2021 வரையிலான மாதாந்திரக் கணக்குகளின் நகல்கள் அவருக்கு வந்த அஞ்சல்களிலேயே இருந்தன. குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 14-வது பிரிவு, சாட்சியச் சட்டத்தின் கறாரான விதிகளுக்குக் கட்டுப்படாமல், தகராறைத் தீர்க்க உதவும் ஆவணத்தை ஏற்றுக்கொள்ள நீதிபதியை அனுமதிக்கிறது. அது நன்றாகவே உதவியது. 2020-21-ல் வரவு 41 லட்சமாகக் குறைந்திருந்ததும் அதே ஆவணங்களில் தெரிந்தது. அதையும் மறைக்காமல் தாக்கல் செய்தோம்.

அன்னூர்ப் பக்கம் தம்பியோடு கூட்டாக 2019-ல் வாங்கிய ஒரு மனை கணவரின் பிரமாணப் பத்திரத்தில் இல்லை. பதிவுத் துறை இணையதளத்தில் வில்லங்கச் சான்று எடுத்ததில் அது வெளியே வந்தது. பொய்ப் பிரமாணத்துக்காகத் தனி நடவடிக்கை கோரியிருக்கலாம். அது தனியாக ஒரு வழக்காக நீளும் என்பதால் நீதிபதியின் கவனத்துக்குக் கொண்டுவந்ததோடு நிறுத்திக்கொண்டோம். இந்த மனை பின்னால் வேறு விதமாகப் பயன்பட்டது.

எங்கள் பக்கத்திலும் ஒரு சங்கடம் இருந்தது. ஆடிட்டர் அலுவலகச் சம்பளம் கையில் ரொக்கமாகத்தான் வந்தது. சொல்லாமல் விட்டால் யாருக்குத் தெரியும் என்று உறவினர்கள் கேட்டார்கள். 14,000-ஐ அப்படியே எழுதச் சொன்னோம். மனைவி சம்பாதிப்பது ஜீவனாம்சத்துக்குத் தடை அல்ல என்று அதே ரஜ்னேஷ் தீர்ப்பு சொல்கிறது. கணவர் மறைத்த மனையைப் பற்றிப் பேசும் நாளில் நம் கை சுத்தமாக இருக்க வேண்டும்.

இடைக்கால உத்தரவும் வசூலும்

இடைக்கால ஜீவனாம்ச மனுவை எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு சேர்ந்த 60 நாளுக்குள் முடிந்தவரை தீர்க்க வேண்டும் என்கிறது சட்டம். எங்களுக்கு 2022 ஆகஸ்டில் உத்தரவு வந்தது. நடுவில் குடும்ப நீதிமன்றக் கவுன்சலிங், பதிலுரைக்கு வாய்தா, நீதிபதி மாறுதல். பிள்ளைகளுக்குத் தலா 8,000, மனைவிக்கு 6,000, மொத்தம் 22,000. மனுத் தாக்கல் செய்த தேதியிலிருந்து. பின்தேதியிட்டுக் கணக்கிடுவதும் ரஜ்னேஷ் தந்த விதிதான். அதனால் உத்தரவு வந்த அன்றே 12 மாத நிலுவை 2.64 லட்சம் சேர்ந்திருந்தது.

கணவர் ஒரு லட்சம் கட்டினார், நிறுத்திக்கொண்டார். டிசம்பர் முடிவில் நிலுவை 2.52 லட்சம். 125(3)-ன் கீழ் வாரண்ட் கேட்டு மனு போட்டோம். தொகை பாக்கியான நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போடாவிட்டால் வாரண்ட் கிடையாது. இது தெரியாமல், “மொத்தமாகச் சேரட்டும், அப்புறம் பார்க்கலாம்” என்று இருந்துவிடுகிறவர்கள் நிறைய. ஒரு மாத பாக்கிக்கு ஒரு மாதம் வரை சிறையில் வைக்கலாம், ஆனால் சிறைக்குப் போய்வந்தாலும் பாக்கி தீராது என்பது 1989-லேயே உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிய விஷயம். 2023 பிப்ரவரியில் வாரண்ட் பிறந்ததும் கணவரின் தம்பி 1.5 லட்சத்தோடு நீதிமன்றத்துக்கு வந்தார். பிறகு மறுபடியும் இழுபறி.

அரசு ஊழியர் என்றால் சம்பளத்தில் பிடித்தம் செய்யலாம். ஜீவனாம்சத்துக்காக மூன்றில் இரண்டு பங்கு சம்பளம் வரை சிவில் நடைமுறைச் சட்டத்தில் பற்ற (ஜப்தி செய்ய) முடியும். இவருக்குச் சம்பளம் இல்லை. ஆனால் இவருக்குப் பணம் தர வேண்டிய கம்பெனிகள் உண்டு, எந்தெந்தக் கம்பெனி எத்தனை நாளில் பில் பாஸ் செய்யும் என்பது வரை மனைவிக்குத் தெரியும். ஜீவனாம்ச உத்தரவைச் சிவில் தீர்ப்பாணை போலவே நிறைவேற்றலாம் என்று ரஜ்னேஷ் தீர்ப்பு சொன்னதை வைத்து, அந்தக் கம்பெனிகள் தர வேண்டிய தொகையைப் பற்றக் கோரி 2023 ஜூனில் மனு தாக்கல் செய்தோம். பற்றும் தொகை சிறியது. இரண்டு பெரிய வாடிக்கையாளர்கள் மட்டும் என்று வேண்டுமென்றே சுருக்கினோம். ஜாப் ஒர்க் நின்றுபோனால் பிள்ளைகளுக்கு வரும் பணமும் நின்றுபோகும். கம்பெனிகளுக்கு நோட்டீஸ் போவதற்குள் கணவரின் வக்கீல் சமரசம் பேசலாமா என்று கேட்டார். வாரண்டுக்கு வராத மனிதர் இதற்கு வந்தார்.

பிள்ளைகளைப் பார்க்கும் உரிமை

இதற்கிடையில் கணவர், பிள்ளைகளைக் காட்டாததால்தான் பணம் கட்டவில்லை என்று மனு போட்டிருந்தார். மகள் போக மறுத்தாள். மகன் அப்பாவைக் கேட்டுக்கொண்டே இருந்தான். நீதிபதி இருவரையும் தன் அறையில் தனியாக அழைத்துப் பேசினார். மாதம் இரண்டு ஞாயிறு மகனை அனுப்புவது, மகளைக் கட்டாயப்படுத்தாமல் அவளும் வரலாம் என்ற அளவில் வைப்பது என்று உத்தரவானது. பணம் கட்டாததற்காகப் பார்க்க விடாமல் இருப்பதும் கூடாது, பார்க்க விடவில்லை என்று பணத்தை நிறுத்துவதும் கூடாது என்று இரு தரப்புக்கும் சேர்த்துச் சொன்னார். பணம் வராத மாதங்களிலும் மகனை அனுப்பச் சொல்லியிருந்தோம், அந்த அம்மா முகம் சுளித்தாலும் அனுப்பினார்.

சமரசம்

நீதிமன்றத்தோடு இணைந்த சமரச மையத்தில் 2023 இரண்டாம் பாதி முழுக்கப் பேச்சு. ஜூன் மாதம்தான் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஒரு தீர்ப்பு வந்திருந்தது. கணவர் வெளிநாட்டில் சம்பாதித்தார், மனைவி வீட்டையும் பிள்ளைகளையும் பார்த்துக்கொண்டார். இல்லத்தரசியின் உழைப்பும் சொத்துச் சேர்ந்ததில் மறைமுகப் பங்களிப்புதான், அவருக்குச் சரிபாதி உண்டு என்று தனி நீதிபதி தீர்ப்பளித்தார். அதன் சங்கதிகள் வேறு. விவாகரத்தில் சொத்தைப் பிரிப்பதற்கான பொதுச் சட்டமாக அதை வைத்து வெல்ல முடியும் என்று நாங்கள் நினைக்கவில்லை. இருந்தாலும், சம்பளமில்லாமல் 11 வருடம் பட்டறைக் கணக்கு எழுதிய பெண்ணுக்கு ஒன்றும் இல்லை என்று அடித்துப் பேசிய எதிர்த்தரப்பின் குரல் அதன் பிறகு கொஞ்சம் தணிந்தது உண்மை.

பெரிய சிக்கல் பவுன் விலை. விற்ற 22 பவுனுக்கு 2013 விலை தருவேன் என்றார் கணவர். அன்று பவுன் சுமார் 22,000. ஒப்பந்தம் எழுதிய 2024 ஜனவரியில் பவுன் 46,000-ஐத் தாண்டியிருந்தது. விற்றது அவர் பெயரில் மனை வாங்க. அந்த மனை இன்று என்ன விலை என்று சமரசர் கேட்ட கேள்விக்கு அவரிடம் பதில் இல்லை. 46,000 கணக்கில் 10.12 லட்சம், மாமனார் கொடுத்த 6 லட்சம், இரண்டும் சேர்த்து 16 லட்சம் என்று முடிந்தது. மாமனார் வட்டி கேட்கவில்லை. அடகில் இருந்த 12 பவுனைக் கணவரே மீட்டுத் தருவது. மனைவிக்கு நிரந்தர ஜீவனாம்சமாக 6 லட்சம். மாதத் தொகை வேண்டாம் என்று அவரே சொன்னார். ஆக 22 லட்சம். அன்னூர் மனையில் இருந்த பங்கைத் தம்பிக்கே விற்று அந்தப் பணத்தைக் கணவர் புரட்டினார். பிரமாணப் பத்திரத்தில் வராத மனை இங்கே வந்து நின்றது.

பிள்ளைகளுக்குத் தலா 10,000, ஆண்டுக்கு 8 சதவீத உயர்வு, பள்ளிக் கட்டணத்தில் பாதியை நேராகப் பள்ளிக்கு. மகனுக்கு 18 வயது வரை; மகளுக்குத் திருமணம் வரை, ஏனென்றால் மணமாகாத மகளைப் பராமரிக்கும் கடமை இந்து தத்தெடுப்பு மற்றும் ஜீவனாம்சச் சட்டத்தின் 20-வது பிரிவில் இருக்கிறது. இரண்டு மாதம் தவறினால் எடுத்துக்கொள்ள 3 லட்சம் வைப்புநிதி, பிள்ளைகள் பெயரில்.

எதிர்த்தரப்பு வரைவில் ‘எதிர்காலத்தில் எந்தவிதக் கோரிக்கையும் செய்ய மாட்டேன்’ என்ற வரி பிள்ளைகளையும் சேர்த்தே இருந்தது. ஊர்ப் பேச்சில் வந்த அதே வரி. அதை மனைவியோடு நிறுத்தி, பிள்ளைகளின் உரிமையை இந்த ஒப்பந்தம் கட்டுப்படுத்தாது என்று எழுத வைக்கவே இரண்டு அமர்வு போனது.

ஆறு மாதம் காத்திருப்பு

இந்து திருமணச் சட்டத்தின் சம்மத விவாகரத்துப் பிரிவான 13பி-யில் முதல் மனுவுக்கும் இறுதி உத்தரவுக்கும் இடையே ஆறு மாத இடைவெளி உண்டு. 2017-ல் உச்ச நீதிமன்றத்தின் அமர்தீப் சிங் தீர்ப்பு வந்த பிறகு, நீண்ட நாள் பிரிந்திருந்து எல்லாவற்றையும் முடித்துக்கொண்ட தம்பதிக்கு அதை நீதிமன்றம் தள்ளுபடி செய்யலாம். கணவர் தரப்பு அதற்கு மனு போடத் தயாராக இருந்தது. நாங்கள் ஒத்துக்கொள்ளவில்லை. பணம் மூன்று தவணை: 2024 பிப்ரவரியில் முதல் மனுவின்போது 8 லட்சம், மே மாதம் 7 லட்சம், ஆகஸ்டில் இறுதி நாளன்று நீதிமன்றத்தில் வைத்தே 7 லட்சத்துக்கு டிடி (வங்கி வரைவோலை). எந்தத் தவணை தவறினாலும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம். அவசரப்பட்டு ஆறு மாதத்தை விட்டிருந்தால் இந்தப் பிடி போயிருக்கும்.

வங்கி விஷயத்தையும் அந்த ஆறு மாதத்துக்குள்ளேயே முடித்தோம். வீட்டுக் கடனில் இன்னும் சுமார் 10 லட்சம் பாக்கி. மனைவி இணைக் கடனாளி. கணவன் மனைவி எழுதிக்கொண்ட ஒப்பந்தம் வங்கியைக் கட்டுப்படுத்தாது. நாளைக்கு அவர் தவணை தவறினால் விவாகரத்தான பெண்ணின் சிபில் பதிவு (வங்கிகள் பார்க்கும் கடன் வரலாறு) கெடும், நோட்டீஸும் வரும். தம்பியை இணைக் கடனாளியாகச் சேர்த்து இவரை விடுவித்ததாக வங்கி கொடுத்த கடிதம் இறுதி நாளுக்கு முந்தைய வாரம்தான் கைக்கு வந்தது. அது வரவில்லை என்றால் அன்று கையெழுத்து இல்லை என்று சொல்லியிருந்தோம்.

2024 ஆகஸ்டில் விவாகரத்து. குடும்ப வன்முறை மனுவையும் மற்ற மனுக்களையும் திரும்பப் பெற்றோம்.

அதன் பிறகு

முதல் வருடம் பணம் ஒழுங்காக வந்தது. 2025 பிப்ரவரியில் தலா 10,800 ஆக உயர வேண்டும். உயர்வு இல்லாமல் பழைய தொகையே வந்தது. நோட்டீஸ் அனுப்பியதும் வித்தியாசத்தைக் கட்டினார். ஜூன், ஜூலை இரண்டு மாதம் தவறியபோது வைப்புநிதியிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். அதை மறுபடி நிரப்ப வேண்டும் என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி இல்லை, நிரப்பவும் இல்லை. மகள் இப்போது பிளஸ் ஒன். நீட் பயிற்சிக் கட்டணம் பள்ளிக் கட்டணத்தில் சேராது என்கிறார் அப்பா. ஒப்பந்தத்தில் இருப்பது ‘பள்ளிக் கட்டணம்’ என்ற சொல்தான், எனவே வார்த்தைப்படி அவர் சொல்வது சரி. சூழ்நிலை மாறினால் தொகையை உயர்த்தக் கேட்கும் உரிமை பிள்ளைகளுக்கு இருப்பதால் அதற்கான மனு தயாராகிறது. ‘எந்தக் கோரிக்கையும் இல்லை’ என்ற வரியை அன்று விட்டிருந்தால், இந்த மனுவின் முதல் வாய்தாவே அந்த வரியைப் பற்றிய வாதத்தில் கழிந்திருக்கும்.

இதே போன்ற வழக்கில் இனி மாற்றிச் செய்பவை

‘பள்ளிக் கட்டணம்’ என்று எழுதுவதில்லை. கல்விச் செலவு என்று எழுதி, அதில் டியூஷன், நுழைவுத் தேர்வுப் பயிற்சி, விடுதி, வாகனம், கல்லூரிச் சேர்க்கை என்று பட்டியல் போடுகிறோம். வைப்புநிதியிலிருந்து எடுத்தால் 60 நாளில் நிரப்ப வேண்டும், நிரப்பாவிட்டால் அதுவும் பாக்கியாகக் கணக்கிடப்படும் என்று சேர்க்கிறோம். ஆண்டு உயர்வை சதவீதமாக மட்டும் விடாமல், எந்த மாதம் எவ்வளவு என்று ஐந்து வருடத்துக்கு அட்டவணையாக இணைக்கிறோம். சதவீதத்தை மறப்பது சுலபம். சொத்து விவரப் பிரமாணப் பத்திரம் எதிர்த்தரப்பிலிருந்து வரும் வரை காத்திராமல், கட்சிக்காரருக்குத் தெரிந்த எல்லாச் சார்பதிவகங்களிலும் வில்லங்கச் சான்றை முதல் வாரத்திலேயே எடுத்து வைக்கிறோம். இந்த வழக்கில் அதைப் பதிலுரைக்குப் பிறகுதான் எடுத்தோம், இடைக்கால உத்தரவுக்கு முந்தைய மாதங்களில் சில அதில் கழிந்தன.

வீட்டில் பங்கு கேட்டு வழக்குப் போடாத முடிவை மட்டும் மாற்ற மாட்டேன். போட்டிருந்தால் அது இன்னும் சாட்சி விசாரணையில் இருந்திருக்கும். சமரசத்தில் வந்த 22 லட்சத்தில் ஒரு பகுதியைப் போட்டு அந்தப் பெண் தன் பெயரில் ஒரு சின்ன மனை வாங்கியிருக்கிறார். கடன் இல்லாமல்.